விற்காத புத்தகம் தீர்ந்துபோனது

அரசு வெளியீடுகள் விற்பனை மையத்தின் கதவைத் தள்ளியதும் எனக்குத் தும்மல் வந்தது. தூசு அப்படி. கவுண்டருக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த கிடங்குக்காரர் தலையைத் தூக்கி, வாடிக்கையாளர் வந்துவிட்டாரே என்ற கவலையோடு எங்களைப் பார்த்தார்.

எங்களை என்றால், இன்ஸ்பெக்டரம்மாவையும் என்னையும். இன்ஸ்பெக்டரம்மா போலீஸ் இல்லை. பள்ளிக்கூட இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். திடீரென்று வகுப்புக்குள் நுழைந்து கடைசி பெஞ்சிலிருந்து கேள்வி கேட்டே காலத்தை ஓட்டியவருக்கு, ஓய்வுக்குப் பிறகும் கை அரித்தது. துப்பறிய வந்துவிட்டார். யாராவது அவரைப் போலீஸ் என்று நினைத்துக்கொண்டால் திருத்த மாட்டார். "தப்பா நினைச்சது அவங்க. நான் எதுக்குத் திருத்தணும்? நான்தான் ரிட்டையர் ஆயிட்டேனே" என்பார்.

நான் அவருடைய உதவியாளன். அதற்கு முன்னால் வீடு வீடாகப் போய்க் கலைக்களஞ்சியம் விற்கப் பார்த்தேன். ஒரு செட்டும் விற்கவில்லை. பெயர் மட்டும் மிச்சம். எல்லோரும் என்னைக் 'களஞ்சியம்' என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

இந்த வழக்கில் எனக்குச் சிரிப்பு வரவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சந்தேகத்தில் சிக்கியிருப்பது என் அக்கா. பெரியம்மா மகள். இதே கவுண்டரில் பல வருடமாக உட்கார்ந்து, பொதுமக்களுக்கான கையேடுகளைப் பொதுமக்கள் வாங்காமல் போவதைப் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருந்தவள். புதிதாக அச்சாகி வந்த 'வீட்டில் விபத்தா? முதலுதவிக் கையேடு' கிடங்கிலிருந்து மொத்தமாகக் காணாமல் போனது. சாவி கிடங்குக்காரரிடம் ஒன்று, அக்காவிடம் ஒன்று. அக்காதான் பழைய பேப்பர் கடையில் எடைக்குப் போட்டுவிட்டாள் என்று துணை இயக்குநர் புகார் எழுத, ஒரு வாரமாக அவளை வேலைக்கு வரவேண்டாம் என்று நிறுத்திவைத்திருந்தார்கள். இன்று மதியம் விசாரணை. அத்தானுக்கு முதுகெலும்புக் கோளாறு. அக்கா சம்பளத்தில்தான் அந்த வீட்டில் அடுப்பு எரிகிறது. வேலை போனாலாவது வேறு தேடலாம், திருடி என்ற பெயரை எங்கே கொண்டுபோய்த் தொலைப்பது?

"வாசல் காவலர் என்ன சொன்னார்?" என்று இன்ஸ்பெக்டரம்மா என் காதோடு கேட்டார்.

"வண்டி எதுவும் வரலையாம். யாரும் மூட்டை தூக்கிட்டுப் போகலையாம். இந்த ஆபீசிலிருந்து வெளியே போறது சாயங்காலம் ஆளுங்க மட்டும்தானாம். அதுவும் நாலு மணிக்கே."

"அப்போ புத்தகம் உள்ளேதான் இருக்கு."

"கிடங்கை ரெண்டு தடவை எண்ணிப் பார்த்துட்டாங்கம்மா. முதலுதவி ஒரு கட்டுகூட இல்ல."

"எண்ணினாங்க. பார்த்தாங்களா?"

அதற்குள் உள்ளறைக் கதவு திறந்து துணை இயக்குநர் வந்தார். ஆபீஸில் அவருக்குப் பெயர் 'மடிப்பு'. சட்டையில் கத்தி மாதிரி மடிப்பு. நாற்காலியைக் காட்டினால்கூட உட்கார மாட்டார். உட்கார்ந்தால் கால்சட்டை கசங்கும். வரவேற்பறைச் சுவரில் வரிசையாகப் புகைப்படங்கள். விழா, கண்காட்சி, மரம் நடுதல். எல்லாவற்றிலும் நடுவில் இவர்தான். மரக்கன்றுதான் ஓரமாக நின்றது.

"நீங்க அந்தப் பொண்ணோட ஆளுங்கதானே? விசாரணை மதியம். இங்கே உங்களுக்கு என்ன வேலை?"

"புத்தகம் வாங்க வந்தோம்" என்றார் இன்ஸ்பெக்டரம்மா.

மடிப்பு எங்களை ஏற இறங்கப் பார்த்தார். அந்தக் கட்டடத்தில் யாரும் அப்படிச் சொல்லிக் கேட்டிருக்க மாட்டார். முறைத்துவிட்டு உள்ளே போனார்.

இன்ஸ்பெக்டரம்மா கவுண்டரில் முழங்கையை ஊன்றினார். "அண்ணே, 'பொதுக் கிணறுகளின் ஆழம்: ஒரு கண்ணோட்டம்' இருக்கா?"

கிடங்குக்காரர் ஆடிப்போனார். ஆனால் இருந்தது. உள்ளே போய் ஒரு பிரதி கொண்டுவந்து, ஊதி, துடைத்துக் கொடுத்தார்.

"'காகித உறை செய்யும் முறைகள்'?"

இருந்தது.

"'அரசு விடுமுறை நாட்களின் வரலாறு'?"

"இதை மட்டும் இங்கே எல்லாரும் படிச்சிருப்பாங்கம்மா" என்றேன் நான். கிடங்குக்காரர் சிரிக்கவில்லை. புத்தகம் மட்டும் வந்தது. என் கையில் ஏறிக்கொண்டேயிருந்தது. 'தெருவிளக்குக் கம்பங்கள்', 'நாற்காலிப் பராமரிப்பு', 'மழைமானிகளைப் படிப்பது எப்படி'. எல்லாம் அக்கா சொல்லிக்கொடுத்த வரிசை. அவள் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து ஒரு பிரதிகூட விற்காத புத்தகங்கள் இவை.

"கடைசியா ஒண்ணு. 'எடை அளவு மாற்று அட்டவணை', திருத்திய பதிப்பு."

கிடங்குக்காரர் நகரவில்லை.

"அது... ஸ்டாக் இல்லீங்க."

"இல்லையா?"

"தீர்ந்துபோச்சு."

இன்ஸ்பெக்டரம்மாவின் முகத்தில் விளக்கேற்றிய மாதிரி ஒரு வெளிச்சம். கடைசி பெஞ்சுப் பையன் பரீட்சையில் நூறு வாங்கியதைப் பார்த்த இன்ஸ்பெக்டருக்கு வரும் வெளிச்சம் அது.

"களஞ்சியம், விக்கவே விக்காத புத்தகம் எப்படித் தீரும்?"

"எனக்கும் அந்த ரகசியம் தெரிஞ்சா நல்லாயிருக்கும்மா. நான் கலைக்களஞ்சியத்தையே வித்திருப்பேன்."

"கிடங்கைத் திறங்கண்ணே."

"உள்ளே போக அனுமதி வேணும்ங்க. யாருங்க நீங்க?"

"இவங்க இன்ஸ்பெக்டரம்மா" என்றேன். பொய் சொல்வது என் வழக்கமில்லை. உண்மையைப் பாதியில் நிறுத்துவேன், அவ்வளவுதான். கிடங்குக்காரர் சாவிக்கொத்தை எடுத்துக்கொண்டு முன்னால் நடந்தார்.

கிடங்கு நீளமாக இருந்தது. இருபுறமும் கூரைவரை பழுப்புக் காகிதக் கட்டுகள். அரசுக் கையேடு எல்லாம் ஒரே அளவு, ஒரே கனம். அச்சகத்திலிருந்து கட்டுக்கட்டாக வரும். உள்ளே என்ன புத்தகம் என்று தெரிவதற்காகக் கட்டின் மேல் அதே புத்தகத்தின் அட்டை ஒன்றை ஒட்டியிருப்பார்கள். மீந்த அட்டைகள் ஒரு மூலையில் குவிந்து கிடந்தன. எண்ணுகிறவர்கள் அட்டையைப் பார்த்துத்தான் எண்ணுவார்கள். கட்டைப் பிரிப்பது விற்கும்போது மட்டும். விற்பனை இருக்கும் அழகுக்கு, பல கட்டுகள் வந்த கோலத்திலேயே கிடந்தன.

கோடிச் சுவர் முழுக்க ஒரே அட்டை. 'எடை அளவு மாற்று அட்டவணை'. தரையிலிருந்து கூரைவரை. தீர்ந்துபோன புத்தகம் எங்களைப் பார்த்துக் கும்பலாக நின்றது.

"இவ்வளவு அதிகமா இருக்கேன்னு எண்ணினவங்க கேக்கலையா?" என்றேன்.

"கணக்குல குறைஞ்சாத்தான் விசாரணை. கூடினா யார் கேப்பா? மகராசன் எவனோ கொண்டுவந்து வெச்சான்னு போயிடுவாங்க" என்றார் இன்ஸ்பெக்டரம்மா. "பிரி."

நான் பிரித்தேன். உள்ளே எடையும் இல்லை, அளவும் இல்லை. 'வீட்டில் விபத்தா? முதலுதவிக் கையேடு'. பளபளவென்று, புது மையின் வாசனையோடு.

எனக்கு ரத்தம் தலைக்கேறியது. "யோவ்! என் அக்கா ஒரு வாரமா சாப்பிடாம கிடக்கிறா. நீ அட்டையை மாத்தி ஒட்டிட்டுக் கவுண்டர்ல உக்கார்ந்திருக்கியா?"

கிடங்குக்காரர் அப்படியே ஒரு கட்டின் மேல் உட்கார்ந்துவிட்டார். "ஒட்டினது நான்தான் தம்பி. ஒட்டச் சொன்னது நானில்ல. ரெண்டு நாளைக்கு மறைச்சு வை, அப்புறம் பாத்துக்கலாம்னு சொன்னாங்க. ஒட்டி அடுக்கினதுல அசல் கட்டு எதுன்னு எனக்கே தெரியாம போச்சு. பழி உங்க அக்கா மேல விழும்னு எனக்குத் தெரியாது. சத்தியமா தெரியாது."

"யார் சொன்னது?"

பெயரை மட்டும் அவர் சொல்லவில்லை. ஓய்வு பெற இன்னும் கொஞ்ச காலம்தான் இருக்கிறது என்றார், பெண்ணுக்கு வரன் பார்க்கிறோம் என்றார், என்ன கேட்டாலும் இதையே சொன்னார். நான் சட்டைக்கையைச் சுருட்டினேன். இன்ஸ்பெக்டரம்மா என்னை ஒரு பார்வை பார்த்தார். சுருட்டியதை இறக்கினேன்.

"அவரை விடு. திருடன் விக்கறதுக்குத் திருடுவான். இவங்க மறைச்சிருக்காங்க. அப்போ இந்தப் புத்தகத்துல யாருக்கோ பிடிக்காதது ஒண்ணு இருக்கு. புரட்டு."

புரட்டினேன். அங்கேதான் அந்த ஆபீஸின் தனிப்பெரும் வழக்கம் தெரிந்தது. படத்துக்கு நடிக்க வெளியாள் வைத்தால் தனி அனுமதி வேண்டும் என்பதால், எல்லாப் படத்திலும் ஆபீஸ் ஆட்களே இருந்தார்கள். தீக்காயம் பட்ட கை கிடங்குக்காரருடையது. டீ கொட்டிய மாதிரி முகத்தை வைத்திருந்தார். தொண்டையில் விதை சிக்கியவர் கணக்கர். அவர் சாதாரணமாகவே அப்படித்தான் இருப்பார்.

"நில்லு" என்றார் இன்ஸ்பெக்டரம்மா.

நினைவிழந்தவருக்கு முதலுதவி. பக்கம் முழுக்கப் படம். பக்கத்தில் மண்டியிட்டிருப்பவள் என் அக்கா. தரையில் விரித்த வெள்ளைத் துணியில் மல்லாந்து, தலை வாரி, உதட்டோரம் ஒரு சிறு புன்னகையோடு நினைவிழந்து கிடந்தவர் துணை இயக்குநர். சட்டை மடிப்பு அப்படியே இருந்தது.

"இவர் மயங்கினவர் மாதிரியா இருக்கார்? மாப்பிள்ளை போட்டோ மாதிரி இருக்கு."

"கீழே எழுத்தைப் படி."

படித்தேன். 'மூச்சு இருந்து நினைவு இல்லாதவரை ஒருக்களித்துப் படுக்க வைக்கவும். மல்லாந்து கிடத்தினால் நாக்கோ வாந்தியோ மூச்சுக்குழலை அடைத்து உயிருக்கு ஆபத்து நேரலாம்.'

மறுபடி படத்தைப் பார்த்தேன். மல்லாந்துதான் கிடந்தார். முழு முகமும் தெரிய.

"ஒருக்களிச்சா முகம் பாதிதான் தெரியும், சட்டையும் கசங்கும்" என்று மெல்லச் சொன்னேன். "அம்மா, இந்த மனுஷன் போட்டோவுக்காக வைத்தியத்தையே மாத்திட்டாரா?"

"அதுல தப்பு இருக்குன்னு அவருக்கு அப்போ தெரிஞ்சிருக்காது. பின்னாலே எவரோ சொல்லியிருக்கணும். சொன்னதும் பயந்து மறைச்சிருக்கார்."

"எழுத்துலயே இருக்கேம்மா. படிச்சிருந்தா தெரிஞ்சிருக்குமே."

"இந்த ஆபீஸ்ல புத்தகம் போடுவாங்க. படிக்கறது பொதுமக்கள் வேலை." புத்தகத்தை மூடினார். "ஆனா இவர் வாய் திறக்க மாட்டார், அவர் ஒத்துக்க மாட்டார். அட்டையை மாத்தினது உங்க அக்காதான்னு திருப்பிச் சொல்லிடுவார். களஞ்சியம், உனக்கு மயங்கி விழத் தெரியுமா?"

"சம்பளம் கேட்டா நீங்க சொல்ற பதிலுக்கு மாசாமாசம் பழகியிருக்கேன்."

விசாரணை அறையில் இயக்குநர் நடுவில் உட்கார்ந்திருந்தார். நல்ல மனிதர், எதிலும் ஒரு முடிவுக்கு வராததாலேயே நல்ல மனிதராக இருந்தவர். எங்களை உள்ளே விடுவதா வேண்டாமா என்று அவர் முடிவு செய்வதற்குள் நாங்கள் உட்கார்ந்துவிட்டோம். மடிப்பு ஜன்னலோரம் நின்றுகொண்டிருந்தார். அக்கா எதிரே ஒரு நாற்காலியின் நுனியில். ஒரு வாரத்தில் பாதியாகியிருந்தாள். என்னைப் பார்த்ததும் கண் கலங்கிவிட்டது, வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"கிடங்குச் சாவி உங்ககிட்ட இருந்தது, சரிதானே?" என்று மடிப்பு ஆரம்பித்தார். "புத்தகம் கால் முளைச்சு நடந்து போகாது. எடைக்குப் போட்டதை ஒத்துக்கிட்டா இயக்குநர் கருணை காட்டுவார்."

"நான் எடுக்கல சார்" என்றாள் அக்கா.

இன்ஸ்பெக்டரம்மா இருமினார். அதுதான் குறி. நான் நாற்காலியோடு சாய்ந்தேன். தலை மேசைக்காலில் நிஜமாகவே இடித்தது. அது நாடகத்தில் சேர்த்தி இல்லை.

கண்ணை மூடிக்கொண்டு கிடந்ததால் இதன் பிறகு நடந்தவை காதால் பார்த்தவை. "டேய் தம்பி!" என்று அக்கா கத்தினாள். இது நாடகம் என்று அவளுக்கு நாங்கள் சொல்லவில்லை. அவள் கை என் மூக்கடியில் வந்து மூச்சைப் பார்த்தது, கன்னத்தைத் தட்டியது. அவள் பதறியதில் எனக்கு எழுந்து உட்கார்ந்துவிடலாமா என்றிருந்தது. பிறகு இயக்குநர் காலைப் பிடிக்க, அவள் தோளைப் பிடிக்க, என்னை மல்லாக்கக் கிடத்தினார்கள். கையைப் பக்கவாட்டில் நீட்டி, தலையை நேராக வைத்து. அச்சு அசலாகப் படத்தில் இருந்தபடி.

நான் என் பங்குக்குத் தொண்டையில் ஒரு கரகரப்பைக் கொடுத்தேன்.

"மல்லாக்கப் போடாதீங்க!" ஜன்னல் பக்கமிருந்து அலறல். "மூச்சு அடைச்சிடும்! ஒருக்களிச்சுப் போடுங்க, ஒருக்களிச்சு!"

தடதடவென்று யாரோ ஓடிவந்து, தரையில் முழங்காலிட்டு, என் தோளைப் பிடித்து ஒரே புரட்டாகப் புரட்டினார்கள். பாதிக் கண்ணைத் திறந்து பார்த்தேன். மடிப்பு. கால்சட்டை முழங்காலில் தூசு அப்பியிருந்தது.

"சரியாச் செஞ்சீங்க" என்றார் இன்ஸ்பெக்டரம்மா. "எங்கே கத்துக்கிட்டீங்க?"

"இது... எல்லாருக்கும் தெரிஞ்சதுதானே."

"இயக்குநருக்குத் தெரியல. உங்க கூடப் படத்துல நடிச்ச இந்தப் பொண்ணுக்கும் தெரியல. அவங்க படத்துல பார்த்த மாதிரி கிடத்தினாங்க. படத்துல கிடக்கிற உங்களுக்கு மட்டும் அது தப்புன்னு தெரிஞ்சிருக்கு." முதலுதவிக் கையேட்டை அந்தப் பக்கத்தில் விரித்து இயக்குநர் மேசையில் வைத்தார். "இது உங்க கிடங்குல, எடை அளவு மாற்று அட்டவணைக் கட்டுக்குள்ளே இருந்து எடுத்தது சார். மொத்தமும் அங்கேதான் இருக்கு. கிடங்குக்காரர் வெளியே நிக்கறார். யார் சொல்லி அட்டையை மாத்தி ஒட்டினார்னு கூப்பிட்டுக் கேளுங்க."

கூப்பிட வேண்டியிருக்கவில்லை. கிடங்குக்காரர் ஏற்கெனவே கதவுக்குள் தலையை நீட்டியிருந்தார். அக்காவைப் பார்த்தார், மடிப்பைப் பார்த்தார். "சார்தான் சொன்னார்" என்றார். சொல்லிவிட்டு அவரே நிம்மதியாக மூச்சு விட்டார்.

மடிப்பு தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். அவர் உட்கார்ந்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

"ஆஸ்பத்திரிக்கு ஒரு பிரதியைப் பெருமையா எடுத்துட்டுப் போனேன்" என்றார். "பெரிய டாக்டர் அந்தப் பக்கத்தைப் பார்த்துட்டு, 'இப்படிக் கிடத்தினா எழுந்திருக்கவே மாட்டான், யாருய்யா இந்தப் புத்திசாலி?'ன்னு கேட்டார். படத்துல நான்தான்னு அவர் கவனிக்கல. எனக்கு உயிரே போயிடுச்சு. ஊரெல்லாம் என் மூஞ்சி. யாராவது இதைப் பார்த்துச் செத்துப்போனா? அதான் மறைச்சேன். அதுக்குள்ளே இயக்குநர் சார் ஏதோ முகாமுக்கு நூறு பிரதி வேணும்னு கேட்டுட்டார். மாட்டிக்குவேன்னு பயந்து, எடைக்குப் போட்டுட்டான்னு இவ மேல எழுதிட்டேன்."

"மறைச்ச வரைக்கும் நீங்க மனுஷன்" என்றார் இன்ஸ்பெக்டரம்மா. "தப்புன்னு ஒரு வரி அச்சடிச்சு ஒட்டியிருந்தா இன்னும் பெரிய மனுஷன். உங்க வெட்கத்துக்கு இவ வேலையையும் மானத்தையும் விலையாக் குடுத்தீங்களே, அதுக்கு எந்தக் கையேட்டுல மருந்து இருக்கு?"

இயக்குநருக்குத் திடீரென்று வேறு பயம் வந்தது. "மறைக்கறதுக்கு முன்னாடி எத்தனை வித்துது?" என்று அக்காவிடம் பதறிக் கேட்டார்.

"ஒண்ணுகூட விக்கல சார்."

எங்கள் ஊரில் அரசுப் புத்தகம் விற்காததால் உயிர் பிழைத்தவர்கள் எத்தனை பேரோ. இயக்குநர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு, வாழ்நாளில் முதல்முறையாக ஒரே மூச்சில் மூன்று முடிவெடுத்தார். அக்கா மேல் இருந்த புகார் ரத்து, நாளையிலிருந்து அவள் கவுண்டருக்குத் திரும்பலாம். மடிப்பு மீது மேலிடத்துக்கு அறிக்கை. அந்தப் பக்கத்துக்குப் புதுப் படம் எடுத்து எல்லாப் பிரதியிலும் பழையதன் மேல் ஒட்ட வேண்டும். புது ஆளைப் போட்டால் புது அனுமதி வாங்க வேண்டும் என்பதால், அதே இருவர்.

அன்று மாலையே படம் எடுத்தார்கள். வெள்ளைத் துணி துவைக்கப் போயிருந்தது. மடிப்பு வெறும் தரையில் படுத்தார். ஆபீஸ் மொத்தமும் வேலையை விட்டுவிட்டு, அதாவது இருந்த இடத்தை விட்டுவிட்டு, சுற்றி நின்றது. அக்கா மண்டியிட்டு, தோளிலும் இடுப்பிலும் கை கொடுத்து அவரைப் புரட்டினாள். கன்னம் தரையில் பட்டது. சட்டை கசங்கி முதுகில் சுருண்டது.

"முகம் மறையுது, இன்னொரு தடவை" என்றார் புகைப்படக்காரர்.

"மறையட்டும்" என்றார் இயக்குநர்.

"அப்போ கைதான் சரியில்ல. இன்னொரு தடவை."

அக்கா மறுபடி புரட்டினாள். அவள் கோபமாகப் புரட்டுவாள் என்று ஆவலோடு காத்திருந்த எனக்கு ஏமாற்றம். ஒரு நோயாளியைப் புரட்டுகிற மாதிரி, தலைக்குக் கை கொடுத்து, பதமாகத்தான் புரட்டினாள். பிறகு குனிந்து, மூச்சைக் கவனிக்கிற பாவனையில் அவர் முகத்தருகே காதைக் கொண்டுபோனாள்.

"மூச்சு நல்லா வருதா சார்?" என்று கேட்டாள்.

"வருதும்மா" என்றார் அவர், கண்ணை மூடியபடியே.

"எனக்கு ஒரு வாரமா வரல சார்."

அவர் மூடிய இமை ஓரத்திலிருந்து ஒரு சொட்டு மூக்கு வழியாக இறங்கித் தரையில் விழுந்தது. பேசினால் படம் ஆடும் என்று புகைப்படக்காரர் சலித்துக்கொண்டார்.